உறுதியும் அறிவித்தலும்

அண்மையில் ஒரு நாள், பெரியபுராணத்துத் தடுத்தாட்கொண்ட புராணத்தை மாணாக்கர்க்குப் பாடஞ் சொல்லிக்கொண்டிருந்தேன். புத்தூரிலே திருமணப் பந்தரில் சுந்தரர் வீற்றிருக்கிறார். முதிய வேதியர் ஒருவர் தண்டூன்றி வந்து, இம்மணமகன் தமக்கு அடிமை என்றும், பாட்டன் எழுதிக் கொடுத்த ஓலை தம்மிடம் உண்டென்றும் வழக்கிடுகிறார். சுந்தரர் வெகுண்டு அவ்வோலையைப் பறித்துக் கிழிக்கிறார். கிழிந்தது படியோலை, மூலவோலை வேறுண்டு என்கிறார் முதியவர். வழக்குத் திருவெண்ணெய்நல்லூர்ச் சபைக்குச் செல்கிறது. அநுபவம், ஆவணம், அயலவர் சாட்சி என்னும் மூன்றனுள் ஒன்றையேனும் காட்டுக என்று சபையோர் கேட்கின்றனர். பாட்டனுடைய வேறொரு கையெழுத்தை வருவித்து, இரண்டையும் ஒப்பு நோக்கிய பின்னரே தீர்ப்புக் கூறுகின்றனர். வந்தவர் இறைவன் என்பது படிக்கும் நமக்குத் தெரியும், சபைக்குத் தெரியாது. இறைவனேயாயினும் தன் உரிமையைச் சபையில் நிறுவியே பெறவேண்டும் என்பதைச் சேக்கிழார் பெருமான் ஈண்டு நிலைநாட்டினார் என்று சொல்லி, நான் புத்தகத்தை மூடினேன்.

பின்வரிசையில் இருந்த மாணாக்கன் ஒருவன் எழுந்தான். “ஐயா, கிழவர் ஓலை காட்டினார். அரசாங்கம் எங்கட காணியைத் தா எண்டு கேட்டால், அது என்னத்தைக் காட்டவேணும்?” என்றான்.

வகுப்பிற் சிலர் சிரித்தனர். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவனுடைய ஊர் வலிகாமம் வடக்கு. என்னுடைய ஊரும் அதுவே. மணி அடித்துவிட்டமையால் அன்று தப்பினேன். அவனுக்குச் சொல்லவேண்டிய மறுமொழியைத் தேடிப் பல மாலைப்பொழுதுகளில் சட்டப் புத்தகங்களைப் புரட்டினேன். நான் சட்டத்தரணி அல்லேன். சொல்லுக்குப் பொருள் காணும் தொழிலுடையேன். எனினும், காணி வழக்குகளில் பெரும்பாலானவை ஒரு சொல்லின் பொருளைப் பற்றிய வழக்குகளே என்பதைக் கண்டபோது, இதுவும் என் தொழிலுக்குப் புறம்பானதன்று எனத் தெளிந்தேன்.

சொற்கள் சொல்லும் செய்தி

அரசு தனியார் காணியைப் பொதுத் தேவைக்காக எடுப்பதனை நாம் ‘காணி சுவீகரிப்பு’ என்கிறோம். சுவீகாரம் என்பது தனதாக்கிக் கொள்ளுதல். பிள்ளையில்லாதார் பிறர் பிள்ளையைத் தம் பிள்ளையாக ஏற்பதனையும் சுவீகாரம் என்றே நம் முன்னோர் வழங்கினர். அங்கே கொடுப்பார் ஒருவர், கொள்வார் ஒருவர்; கொடுப்பாரின் இசைவின்றிச் சுவீகாரம் நிகழாது. காணி சுவீகாரத்தில் கொடுப்பாரின் இசைவு வேண்டப்படுவதில்லை. சட்டத்தின் தமிழ்ப் பெயர் இதனை மறைக்கவில்லை. ‘காணி எடுத்தற் சட்டம்’ என்று அது வெளிப்படையாகவே சொல்கிறது.

காணி என்னுஞ் சொல்லும் எண்ணத்தக்கது. ஒன்றை எண்பது கூறிட்டால் ஒரு கூறு காணி. நிலத்தின் அளவுக்கும், நிலத்துக்கும், வழிவழி வரும் உரிமைக்கும் அதுவே பெயராயிற்று. காணியாட்சி என்னும் தொடரில் மண்ணும் உரிமையும் பிரிக்கவொண்ணாதபடி நிற்கின்றன. அவ்வுரிமையை நிறுவும் பத்திரத்தை யாழ்ப்பாணத்தார் உறுதி என்பர். மனத்திட்பத்துக்கும் காணிப் பத்திரத்துக்கும் ஒரே பெயர் இட்ட மக்கள் நாம்.

காணி கைமாறும்போது உரியார்க்கு முன்னறிவித்தல் வேண்டும் என்பது நம் தேசவழமையின் பழைய விதி. 1707இல் ஒல்லாந்த அதிகாரி கிளாஸ் ஐசாக்சு தொகுத்த தேசவழமையில், தன் காணியைப் பிறருக்கு விற்க எண்ணுபவன் உரிமைக்காரர்க்கும் பங்காளிகளுக்கும் முதலில் தெரிவித்தல் வேண்டும் எனக் காண்கிறோம். தெரிவியாமல் விற்றால், அவர்கள் முன்வந்து தமக்கே வேண்டும் எனக் கோரலாம். 1947ஆம் ஆண்டின் தேசவழமை முன்வாங்கல் உரிமைக் கட்டளைச் சட்டம் அவ்வுரிமையை இக்காலத்துக்கேற்ப வரையறுத்தது. தன் காணியைத் தானே விற்பவனும் பங்காளிக்குச் சொல்லியே விற்கவேண்டும் என்றால், பிறர் காணியை எடுப்பவர் எத்துணைத் தெளிவாகச் சொல்லவேண்டும்!

சட்டத்தின் படிகள்

ஆங்கிலேயர் ஆட்சியில் 1876ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டம் ஒன்று இவ்விடயத்தை ஆண்டது. சுதந்திரத்தின் பின் அதன் இடத்துக்கு வந்தது 1950ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கக் காணி எடுத்தற் சட்டம். வீதி, பாடசாலை, மருத்துவமனை, நீர்த்தாங்கி, மின் நிலையம், துறைமுகம் எதற்காயினும் தனியார் நிலம் கட்டாயமாக எடுக்கப்படுவது இச்சட்டத்தின் வழியேதான்.

அதன் நடையை மாணாக்கர் அறிந்திருத்தல் நன்று. ஒரு பகுதியில் பொதுத் தேவைக்குக் காணி வேண்டும் என்று அமைச்சர் கருதினால், 2ஆம் பிரிவின்படி, அப்பகுதியில் எல்லாருங் காணத்தக்க இடங்களில் சிங்களம், தமிழ், ஆங்கிலம் ஆகிய மூன்று மொழிகளிலும் அறிவித்தல் ஒட்டப்படும். அதன்பின் அலுவலர் நிலத்தில் நுழைந்து அளந்து ஆராயலாம். குறித்த காணிதான் வேண்டும் என்று தெரிந்தபின், 4ஆம் பிரிவின்படி உரிமையாளர்க்கு அறிவித்தல் கொடுத்து ஆட்சேபங் கேட்கவேண்டும். ஆட்சேபங்களை ஆராய்ந்தபின், 5ஆம் பிரிவின்படி காணி பொதுத் தேவைக்கு வேண்டப்படுகிறது என்னும் வெளிப்படுத்துகை வர்த்தமானியில் வரும். பின்னரே உரிமைக் கோரிக்கை, விசாரணை, நட்டஈடு, உடைமை மாற்றம் என ஏனைய படிகள் தொடரும்.

ஐந்தாம் பிரிவு வெளிவந்துவிட்டால், தேவை உண்டென்பதற்கு அதுவே முடிந்த முடிபான சான்று என்கிறது சட்டம். ஆதலின், உரிமையாளன் வாய் திறக்கத்தக்க காலம் அதற்கு முன்னே உள்ள சிறு இடைவெளியே. ஆட்சேபங் கேட்கும் அந்தச் சில நாள்களிலேதான் ஒரு குடும்பத்தின் பல தலைமுறை உரிமை தங்கியிருக்கிறது.

அதற்கும் ஒரு புறவழி உண்டு. 38ஆம் பிரிவின் காப்புவாசகம், அவசரம் என்று அமைச்சர் கருதின், நட்டஈடு முதலியன முடியுமுன்னரே காணியை உடன் கையேற்க இடந்தருகிறது. அவசரம் உண்டா இல்லையா என்பது அமைச்சர் தீர்மானிக்கவேண்டியதே என்று 1970களின் பிற்பகுதியில் பெர்ணாண்டோபுள்ளே வழக்கில் உயர் நீதிமன்றம் கருதிற்று. பிற்காலத்திலே நீதிமன்றங்கள் அத்துணை எளிதில் விட்டுவிடவில்லை. அவசரம் என்றால் அதற்கு ஆதாரம் எங்கே என்று கேட்கத் தொடங்கின.

‘ஒரு பொதுத் தேவை’

இனி, இலக்கணம் பயின்றார் மகிழத்தக்க ஒரு வழக்கைச் சொல்வேன். 2ஆம் பிரிவு அறிவித்தல், காணி ‘ஒரு பொதுத் தேவைக்கு’ வேண்டப்படுகிறது என்று கூறவேண்டும் என்பது சட்டம். அலுவலர் பலர் அத்தொடரை அப்படியே எழுதி ஒட்டிவிடுவர். எந்தத் தேவை? பாடசாலையா, பாதையா, எவருடைய தோட்டத்துக்கோ வழியா? அறிவித்தலைப் பார்த்தவனுக்கு அது தெரியாது. தெரியாததற்கு ஆட்சேபம் எழுதுவது எப்படி?

1971இல் வெலிகேபொலப் பிரிவுக் காரியாதிகாரிக்கு எதிராகக் குணவர்தன என்பவர் தொடுத்த வழக்கில் இவ்வினா எழுந்தது. பின்னர் 2000ஆம் ஆண்டில் மானெல் பெர்ணாண்டோ எதிர் ஜயரத்ன என்னும் வழக்கில் உயர் நீதிமன்றத்து நீதியரசர் மார்க் பெர்ணாண்டோ அதனை ஐயந்திரிபறத் தீர்த்தார். தேவை இன்னது என்று அறிவித்தலிலேயே சொல்லப்படல் வேண்டும். சட்டத்துச் சொற்றொடரைத் திருப்பிச் சொல்லுதல் அறிவித்தல் ஆகாது. காரணம் அறியாதவனுக்கு ஆட்சேபிக்கும் உரிமை கொடுத்தல், கொடாமையோடு ஒக்கும் என்பது அத்தீர்ப்பின் சாரம். ‘ஒரு’ என்னும் சிறு சொல்லுக்குள் அரசு ஒளிந்துகொள்ள முடியாதபடி அன்று கதவு அடைபட்டது.

அதே நீதியரசர் 1993இல் த சில்வா எதிர் அத்துக்கோரள என்னும் வழக்கில் இன்னொரு வாயிலைத் திறந்து வைத்தார். 1979இல் சட்டத்திற் சேர்க்கப்பட்ட 39அ பிரிவு, எடுத்த காணியைத் திருப்பிக் கொடுக்க வகை செய்கிறது. நட்டஈடு கொடுபடாமலும், காணி பொதுத் தேவைக்குப் பயன்படாமலும், அதில் மேம்பாடு எதுவும் செய்யப்படாமலும் இருந்து, உரியவர் மீளப் பெற எழுத்திற் சம்மதித்தால் திருப்பலாம். திருப்புவதும் விடுவதும் அமைச்சரின் மனம் போன போக்கு என்ற வாதத்தை நீதிமன்றம் ஏற்கவில்லை. அதிகாரம் மக்கள்பொருட்டு ஒப்படைக்கப்பட்ட நம்பிக்கைச் சொத்து. தேவை ஒழிந்தபின் காணியை வைத்திருக்க நியாயமில்லை என்று காட்டிற்று.

2004இல் ஹெதர் மண்டி வழக்கு வந்தது. தென்னிலங்கை அதிவேக நெடுஞ்சாலையின் வழித்தடம், முன் ஆராயப்பட்ட தடத்திலிருந்து விலகிச் சிலருடைய வீடு வளவுகளை ஊடறுத்தது. அவர்களை எவரும் கேட்கவில்லை. கீழே இருந்த நீதிமன்றம், நாட்டின் நலன் பெரிது என்று கைவிரித்தது. உயர் நீதிமன்றம் வீதியை நிறுத்தவில்லை; ஆயின், கேளாமற் செய்தது இயற்கை நீதிக்கு மாறு என்று கண்டு, காணிக்குரிய நட்டஈட்டுக்கு மேலாக இன்னொரு நட்டஈடும் கொடுக்கப் பணித்தது. நிலத்துக்கு ஒரு விலை. கேளாமைக்கு ஒரு விலை. ஊருக்காக ஒருவன் இழக்கலாம். அவனைக் கேளாமல் இழப்பித்தலாகாது.

இவ்விடத்தில் கோவலன் நினைவு வருகிறது. பாண்டியன் கொடுங்கோலன் அல்லன். அவன் செய்த பிழை ஒன்றே: விசாரியாமல் ஆணையிட்டான். அதற்கு அவன் கொடுத்த விலை உயிர். மதுரை கொடுத்த விலை நெருப்பு.

எங்கள் ஊர்

மாணாக்கன் கேட்ட வினாவின் கூரிய முனைக்கு இப்போது வருகிறேன்.

வசாவிளானிலே என் தாயாருக்குச் சீதனமாக வந்த நான்கு பரப்புக் காணி. செம்மண். நடுவே கிணறு, வேலியோரம் பனை வரிசை, தெற்கு மூலையில் ஒரு பலா. 1990 ஆனி மாதம் போர் மூண்டபோது, வலிகாமம் வடக்கு மக்கள் அனைவரும் எழும்பினர். எனக்கு அப்போது இருபது வயது. இரண்டு நாளில் திரும்பி வருவோம் என்று எண்ணி, ஆட்டை அவிழ்த்து விட்டுப் புறப்பட்டோம். உறுதிப் பெட்டியை மட்டும் தந்தையார் சைக்கிளிற் கட்டினார். 1995 ஒக்ரோபர் 30ஆம் நாள் வலிகாமம் முழுவதும் இடம்பெயர்ந்தபோது, தங்கியிருந்த வீட்டில் அப்பெட்டியும் போயிற்று.

ஊர் உயர் பாதுகாப்பு வலயம் ஆயிற்று. 2003இல் அக்கால நாடாளுமன்ற உறுப்பினர் மாவை சேனாதிராசா முதலியோர் அதனை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுத் தாக்கல் செய்தனர். நமது அரசியலமைப்பின் அடிப்படை உரிமைகளுள் சொத்துரிமை தனியாக எண்ணப்படவில்லை. சமத்துவத்தையும், விரும்பிய இடத்தில் வதியும் உரிமையையும் பற்றிக்கொண்டே நம்மவர் நீதிமன்றம் செல்லவேண்டியிருந்தது. போர் 2009இல் முடிந்தது. வேலி நீங்கவில்லை.

2013 சித்திரையில் அறிவித்தல் ஒட்டப்பட்டது. வலிகாமம் வடக்கில் 6,381 ஏக்கர் நிலம், யாழ்ப்பாணப் பாதுகாப்புப் படையணித் தலைமையகத்துக்காக, 2ஆம் பிரிவின்படி வேண்டப்படுகிறது என்றும், உரிமையாளர் இன்னார் எனக் கண்டறிய முடியவில்லை என்றும் அதில் இருந்தது. நண்பர் ஒருவர் அதைப் படம்பிடித்துக் கொண்டுவந்து காட்டினார். என் தாயாருக்கு நானே வாசித்துக் காட்டினேன். அவர் சிறிது நேரம் பேசவில்லை. பின், “நான் இஞ்ச இருக்கிறன். என்னை ஆர் மோனை தேடினவை?” என்றார்.

அந்த ஒரு வினாவே பின்னர் நீதிமன்றத்தில் சட்ட வாதமாக நின்றது. உரிமையாளர்கள் காணாமற் போனவர்கள் அல்லர். சிலர் மல்லாகத்திலும் சுன்னாகத்திலும் நலன்புரி நிலையங்களில், தம் ஊருக்குச் சில மைல் தொலைவிலேயே, அரசின் பதிவேட்டிலேயே பெயருடன் இருந்தனர். அவர்களுள் இரண்டாயிரத்துக்கு மேற்பட்டோர் 2013 வைகாசியில் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் மனுத் தாக்கல் செய்து, அவ்வறிவித்தலை இரத்துச் செய்யும் பேராணை வேண்டினர். ‘கண்டறிய முடியவில்லை’ என்ற சொல்லுக்கு அதனினும் சிறந்த மறுப்பு வேறு யாது? உரிமையாளர் தாமே கையொப்பமிட்டு எழுந்து நின்றனர்.

என் தாயாரும் சத்தியக்கடதாசியிற் கையொப்பமிட்டார். அதன்பொருட்டு உறுதியின் பிரதி வேண்டியிருந்தது. ஓர் அலுவலகத்துக்கு ஐந்து முறை சென்றேன். நொத்தாரிசின் பெயர் வேண்டும் என்றார்கள். பெயர் சொன்னபின் ஆண்டு வேண்டும் என்றார்கள். ஆண்டு சொன்னபின் ஏடு கறையான் அரித்தது என்றார்கள். ஐந்தாம் முறை இளம் எழுதுவினைஞர் ஒருவர் இரக்கங்கொண்டு, பிறிதோர் ஏட்டில் தேடிப் பதிவை எடுத்துத் தந்தார். அப்பிரதியைக் கையில் வாங்கியபோதுதான் திருவெண்ணெய்நல்லூர்ச் சபையின் மூன்று சான்றுகளும் எனக்கு முழுதும் விளங்கின. அநுபவம் என்றால், இருபத்துமூன்று ஆண்டுகளாக எங்களை உள்ளே விடவில்லை. ஆவணம் என்றால், போரில் அழிந்தது. அயலவர் சாட்சி என்றால், அயலவர் கனடாவிலும் பிரான்சிலும் இருக்கின்றனர். மூன்று சான்றுகளையும் பறித்துவிட்டு, உரியவரைக் காணவில்லை என்பது எத்தகைய வழக்கு!

அறிவித்தல், ஆட்சேபம், வெளிப்படுத்துகை, கையேற்றல் என்பது சட்டத்தின் வரிசை. இங்கே கையேற்றல் 1990இல், அறிவித்தல் 2013இல். வினைமுற்று முன்னும் எழுவாய் பின்னுமாக எழுதப்பட்ட வாக்கியம் இது. செய்யுளில் அதனை அமைத்துக் கொள்ளலாம். சட்டத்தில் அமைத்துக் கொள்ள முடியாது.

அந்த அறிவித்தலின் வழியே காணி முழுவதையும் எடுக்கும் முயற்சி நிறைவேறவில்லை. 2015 முதல் நிலம் துண்டு துண்டாக விடுவிக்கப்பட்டது. 2017 ஆடி 3ஆம் நாள் மயிலிட்டித் துறைமுகம் மக்களிடம் மீண்டது. எனினும் ஒரு பகுதி இன்றும் வேலிக்குள்ளேதான். எங்கள் நான்கு பரப்பும் அதற்குள்ளே. தாயார் 2016இல் காலமாகிவிட்டார்.

பொது என்பது யார்?

நடுநிலை பிறழாது ஒன்று சொல்லவேண்டும். பொதுத் தேவைகள் மெய்யானவை. பலாலி விமான நிலையம் 2019 ஒக்ரோபர் 17ஆம் நாள் சர்வதேச விமான நிலையமாகத் திறக்கப்பட்டது. நோயாளரும் மாணாக்கரும் அதன் வழியே சென்னை செல்கின்றனர். அது பொதுத் தேவை அன்று என்று நான் சொல்லேன். ஆனால் காங்கேசன்துறைக் கடற்கரையில் இராணுவம் விடுதி நடத்திற்று. மக்களின் செம்மண் தோட்டங்களில் படையினர் பயிர் செய்தனர். விமான ஓடுபாதையும் விடுதியும் தோட்டமும் ஒரே ‘பொது’வுக்குள் அடங்குமாயின், அச்சொல்லுக்குப் பொருள் இல்லாமற் போகிறது. பொது என்பது எல்லார்க்கும் உரியது, எவரையும் விலக்காதது. எவருடைய நிலமோ அவரையே விலக்கிவிட்டு அமைவது எங்ஙனம் பொதுவாகும்?

இவ்வினா நமக்கு மட்டும் உரியதன்று. தமிழ்நாட்டில் சென்னை சேலம் எட்டுவழிச் சாலைக்கான நில அறிவித்தல்களை உழவர் எதிர்த்தபோது, சென்னை உயர்நீதிமன்றம் 2019 ஏப்பிரல் 8இல் அவற்றை இரத்துச் செய்தது. இந்திய உச்ச நீதிமன்றம் 2020 டிசம்பர் 8இல் அவ்வறிவித்தல்கள் செல்லும் என்று தீர்த்தது. எனினும், நிலம் முறைப்படி கைமாறுமுன்னரே வருவாய்த்துறை ஏடுகளில் பெயர் மாற்றப்பட்டது தவறு என்றது. அமெரிக்காவில் நியூ லண்டன் என்னும் நகரத்தில் சூசெட் கீலோ என்ற பெண்மணியின் வீடிருந்த நிலத்தை, நகர வளர்ச்சித் திட்டம் ஒன்றுக்காக எடுக்கலாம் என்று 2005இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் ஐவர்க்கு நால்வர் என்ற கணக்கில் தீர்த்தது. பின்னர் திட்டம் கைகூடவில்லை. வீடுகள் அகன்ற அந்நிலம் ஆண்டுக்கணக்கில் வெறும் புல்வெளியாய்க் கிடந்தது. நீதிமன்றம் அநுமதித்த தேவையும் தேவையாகவே முடியும் என்பதற்கு உறுதியில்லை.

இவை யாவும் நடந்து முடிந்த கதைகள் என்று எண்ணுவாரும் உளர். 2025 மார்ச் 28ஆம் நாள் வெளிவந்த வர்த்தமானி ஒன்று, 1931ஆம் ஆண்டுக் காணி நிர்ணயக் கட்டளைச் சட்டத்தின்படி, வட மாகாணத்தில் ஏறத்தாழ 5,940 ஏக்கர் காணிக்கு உரிமை கோருவோர் மூன்று மாதத்துள் கோருக என்றது. கோராவிடின் அது அரச காணியாகும். உறுதி அழிந்தவரும் கடல் கடந்தவரும் மூன்று மாதத்தில் எங்ஙனம் நிறுவுவர்? வழக்கு உயர் நீதிமன்றம் சென்றது. யூன் 27ஆம் நாள் அதனை இடைநிறுத்தும் இடைக்காலக் கட்டளை பிறந்தது. இந்தத் தடவை, தேடிக் கண்டுபிடிக்கும் பாரமும் குடிமகன் தலைமேலேயே வைக்கப்பட்டிருந்தது என்பதைக் கவனிக்க.

மாணாக்கனுக்கு மறுமொழி

நம் ஊர்களில் எத்தனையோ பாடசாலைகள் ஒருவர் தருமசாதனமாக எழுதிக் கொடுத்த காணியில் நிற்கின்றன. கோயில், மடம், கேணி, வாசிகசாலை யாவும் அவ்வாறே. கேட்டால் கொடுத்த மக்கள் இவர்கள். கேளாமல் எடுத்தபோதே நீதிமன்றப் படி ஏறினர். இரவு பஸ்சில் யாழ்ப்பாணத்திலிருந்து கொழும்புப் புதுக்கடைக்குச் சென்று, விளங்காத மொழியில் நடந்த விசாரணையை நாள் முழுதும் நின்று கேட்டு, மறுநாள் விடியலில் திரும்பினர். மண்ணாசை என்று இதனை இகழ்வது தகாது. மண்ணைப் பிடித்துக்கொண்டு அவர்கள் கேட்டது மரியாதையை.

ஆசிரியர்களுக்கு ஒரு விண்ணப்பம். உயர் வகுப்பில் நாம் தொகைநிலைத் தொடரும் அணியும் படிப்பிக்கிறோம், நன்று. ஆண்டில் ஒரு நாள், ஓர் அரச அறிவித்தலை எப்படி வாசிப்பது என்று படிப்பித்தால் என்ன? எந்தச் சட்டம், எந்தப் பிரிவு, எந்தக் காணி, என்ன தேவை, எந்த நாளுக்குள் ஆட்சேபம் என்ற ஐந்தையும் கண்டுபிடிக்கத் தெரிந்த பிள்ளை தன் வீட்டாரைக் காப்பான். நாள் கடந்தபின் எழுதிய அழகிய விண்ணப்பத்திலும், நாள் கடக்குமுன் எழுதிய பிழை மலிந்த விண்ணப்பம் மேலானது. இதனை ஒரு தமிழ்ப் பண்டிதனே சொல்கிறேன் என்பதை நினைவில் வைத்துக்கொள்க. உறுதிகளைப் பிரதி எடுத்து, ஒன்றைப் பிறிதோர் ஊரில் வையுங்கள். கறையானும் போரும் ஒரே சமயத்தில் இரண்டு ஊரிலும் தேடி வருதல் அரிது.

மறுவாரம் அந்த மாணாக்கனை அழைத்தேன். “தம்பி, அரசு உன் காணியைக் கேட்டால் மூன்று காட்டவேண்டும். இன்ன தேவை என்று பெயர் சொல்லவேண்டும். உன்னை இருத்தி உன் சொல்லைக் கேட்கவேண்டும். தேவை ஒழிந்தால் திருப்பிக் கொடுக்கும் மனமும் காட்டவேண்டும். இவை நான் இட்டுக் கட்டியவை அல்ல, இந்நாட்டு நீதிமன்றங்கள் எழுதி வைத்தவை” என்றேன்.

அவன் சிறிது யோசித்தான். “காட்டாவிட்டால், ஐயா?” என்றான்.

“சபைக்குப் போகவேண்டும். என் தாயார் போனார்” என்றேன்.

2024இன் இறுதியில் எங்கள் பக்கத்து வீதியொன்று முப்பத்துநான்கு ஆண்டுகளின் பின் திறக்கப்பட்டது. அவ்வழியே ஒரு நாட் காலை சென்றேன். வேலிக்கப்பால், காடு பற்றிய நிலத்தின் நடுவே, ஒரு பனை வரிசை தெரிந்தது. எங்களுடையதுதானா என்று நிச்சயமாகச் சொல்ல என்னால் இயலவில்லை. சட்டைப் பையில் இருந்த உறுதிப் பிரதியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டேன். வடக்கெல்லை, கிழக்கெல்லை, தெற்கெல்லை, மேற்கெல்லை நான்கும் அதில் தெளிவாகவே எழுதப்பட்டிருக்கின்றன. எல்லைக்குள் தாய் நிலம், தான் பயன்மரம், கிணறு சகிதம் என்றும் இருக்கிறது.